லிமினல்: ஒரு வாசற்படிச் சொல்லைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

திருவல்லிக்கேணியில் ஆய்வேடு டைப் அடித்து பைண்டிங் போட்டுத் தரும் கடைகளுக்கு ஒரு மாடி மேலே உட்கார்ந்து, ஆராய்ச்சி மாணவர்களின் ஆங்கிலத்தைத் திருத்திக் கொடுப்பது என் பிழைப்பு. இந்தத் தொழிலில் சொற்களுக்கும் சீசன் உண்டு. சில வருடங்களாக 'லிமினல்' சீசன் நடக்கிறது. சில மாதங்களுக்கு முன்பு ஒரு பெண் கொண்டுவந்த அத்தியாயத்தில் மட்டும் அது 31 இடத்தில் இருந்தது. எண்ணிக் காட்டினேன். "எங்க கைடுக்குப் பிடிக்கும்க்கா" என்றாள். சரி, என்ன அர்த்தம் என்று கேட்டேன். "பார்டர் மாதிரி... ஆனா பார்டர் இல்லை" என்றாள். பாதிக் கிணறு தாண்டிய பதில். யோசித்துப் பார்த்தால் இந்தச் சொல்லுக்கு அதைவிடப் பொருத்தமான பதிலும் கிடையாது.

அவளைப் போல மாடியேறி வருகிறவர்கள் திரும்பத் திரும்பக் கேட்பதை இங்கே எழுதி வைக்கிறேன். எனக்கும் தொண்டை மிச்சம்.

லிமினல் என்றால் என்ன? ஒரே வரியில் சொல்லுங்கள்.

ஒரு நிலையை விட்டாயிற்று, அடுத்த நிலைக்குப் போய்ச் சேரவில்லை. அந்த நடுவில் இருக்கிற எதையும் குறிக்கும் பெயரடை லிமினல். இடமாக இருக்கலாம், நேரமாக இருக்கலாம், மனிதராகவும் இருக்கலாம்.

எப்படி உச்சரிப்பது?

'லி' குறில். அழுத்தம் முதல் அசையில். லி-மி-னல். 'லைமினல்' என்று ஒரு கருத்தரங்கில் மூன்று பேர் அடுத்தடுத்துச் சொன்னார்கள். மூன்றாவது ஆள் முதல் இரண்டு பேரைக் கேட்டுத்தான் அப்படிச் சொல்லியிருப்பார். எழுத்துக்கூட்டும்போது எம் ஒன்றே ஒன்று. 'மினிமல்' என்று கணினி தானாகத் திருத்திவிடுவதும் நடக்கிறது, கவனம்.

இந்தச் சொல் எங்கிருந்து வந்தது?

லத்தீனில் 'லிமென்' என்றால் வாசற்படி. தத்துவம் ஒன்றும் இல்லை, கதவு நிலைக்குக் கீழே கிடக்கும் கட்டை அல்லது கல். நம் வீடுகளில் வெள்ளிக்கிழமை மஞ்சள் பூசிக் குங்குமம் வைக்கிறோமே, அதே நிலைப்படி.

இந்த வேரில் பிறந்த உறவுக்காரர்களை உங்களுக்கு ஏற்கெனவே தெரியும். 'பிரிலிமினரி' என்றால் வாசற்படிக்கு முன்னால் உள்ளது. அண்ணாநகர் கோச்சிங் சென்டர்களில் வருடக்கணக்காக 'பிரிலிம்ஸ்' எழுதுகிற பிள்ளைகள், சொல்லின்படி பார்த்தால், இன்னும் தெருவில்தான் நிற்கிறார்கள், படியைக்கூட மிதிக்கவில்லை. 'எலிமினேட்' என்றால் வாசற்படியைத் தாண்டி வெளியே தள்ளுவது. கழுத்தைப் பிடித்து என்று சேர்த்துக்கொண்டால் படம் முழுசாகிவிடும்.

'லிமிட்' வேறு. அது 'லிமெஸ்' என்ற இன்னொரு லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. லிமெஸ் என்பது நிலத்துக்கும் நிலத்துக்கும் நடுவே போகும் எல்லை, நம்ம ஊர் வரப்பு. இந்த வித்தியாசத்தைப் பிடித்துக்கொண்டால் பாதிக் குழப்பம் தீரும். வரப்பு இரண்டு வயல்களைப் பிரிக்கிறது. நிலைப்படி தெருவிலிருந்து வீட்டுக்குள் ஆளைக் கடத்துகிறது. லிமினல், நிலைப்படியின் சொல்.

அப்படியானால் 'பார்டர்' என்றோ 'மார்ஜினல்' என்றோ ஏன் எழுதக்கூடாது?

எழுதலாம், பொருள் அதுவாக இருந்தால். மார்ஜினல் என்றால் ஓரத்தில் இருப்பது. ஓரத்தில் இருப்பவர் எங்கேயும் போய்க்கொண்டிருக்க வேண்டியதில்லை. ஊர்க்கோடியில் தலைமுறை தலைமுறையாக இருத்தப்பட்டவர்கள் மார்ஜினல். அவர்களை லிமினல் என்றால், ஏதோ நாளைக்கு ஊருக்குள் குடியேறப் போகிறார்கள் என்ற தோரணை வந்துவிடும். 'டிரான்சிஷனல்' என்பது மாறிக்கொண்டிருக்கிறது என்ற சாதாரணச் சொல். நூறில் எழுபது இடத்தில் அதுவே போதும். 'ஆம்பிகுவஸ்' என்றால் இரண்டு விதமாகப் பொருள் கொள்ளத் தக்கது.

நான் மாணவர்களிடம் வைக்கும் சோதனை இது: இந்தப் பக்கம் என்ன, அந்தப் பக்கம் என்ன, கடப்பது யார்? மூன்றுக்கும் பதில் இருந்தால் லிமினல் இருக்கட்டும். ஒன்றுக்கு இல்லாவிட்டாலும் அடித்துவிடுங்கள்.

'சப்லிமினல்' என்று விளம்பரத் துறையில் சொல்கிறார்களே, அதுவும் இதுவும் ஒன்றா?

ஒரே குடும்பம். பார்க்கப்போனால் லிமினல் ஆங்கிலத்துக்குள் வந்ததே உளவியல் வழியாகத்தான், 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில். ஜெர்மன் அறிஞர்கள், ஒரு தூண்டல் உணர்வுக்கு எட்டுகிற புள்ளியை 'வாசற்படி' என்று உருவகமாகச் சொன்னார்கள். அதை லத்தீனில் லிமென் என்று வைத்துக்கொண்டார்கள். ஒரு டம்ளர் காபியில் சர்க்கரையை ஒவ்வொரு மணியாகப் போட்டுக்கொண்டே போங்கள். எந்த மணியில் "இனிக்குதே" என்று நாக்கு சொல்கிறதோ, அது வாசற்படி. அதற்குக் கீழே இருப்பதெல்லாம் சப்லிமினல்.

விளம்பரக் கதை 1957-இல் தொடங்கியது. ஜேம்ஸ் விக்காரி என்ற அமெரிக்கர், தியேட்டரில் படம் ஓடும்போதே பாப்கார்ன் சாப்பிடு, கோக் குடி என்ற வரிகளைக் கண்ணுக்குத் தெரியாத வேகத்தில் காட்டி விற்பனையைக் கூட்டிவிட்டதாக அறிவித்தார். உலகமே பயந்தது. 1962-இல் அது வெறும் வித்தை என்று அவரே ஒப்புக்கொண்டார். பயம் மட்டும் இன்னும் போகவில்லை.

உளவியல் ஆய்வேடு எழுதுகிறவர்கள் லிமினலை இந்தப் பழைய பொருளில் எழுதலாம். மற்றவர்கள் எழுதுவது அடுத்த கேள்வியில் வருவதை.

மானுடவியலில் இது எப்படி இவ்வளவு பெரிய சொல்லானது?

இரண்டு பேர். முதல் ஆள் ஆர்னால்டு வான் கெனெப். 1909-இல் பிரெஞ்சில் சடங்குகளைப் பற்றி ஒரு புத்தகம் எழுதினார். பிறப்பு, பூப்பு, கல்யாணம், சாவு என்று எந்த ஊர்ச் சடங்கை எடுத்தாலும் அதில் மூன்று கட்டம் இருக்கிறது என்றார். முதலில் ஆளைப் பழைய நிலையிலிருந்து பிரிப்பது. அப்புறம் நடுவில் நிறுத்தி வைப்பது. கடைசியில் புதிய நிலையில் சேர்த்துக்கொள்வது. நடுக்கட்டத்துக்கு அவர் வைத்த பெயர் லிமினல். புத்தகம் ஆங்கிலத்துக்கு வர அரை நூற்றாண்டு ஆயிற்று, 1960-இல்தான் வந்தது.

இரண்டாம் ஆள் விக்டர் டர்னர். ஸ்காட்லாந்தில் பிறந்தவர், இன்றைய ஜாம்பியாவில் எண்டெம்பு மக்களோடு இருந்து ஆய்வு செய்தவர். 1963-இல் அவருக்கு அமெரிக்காவில் வேலை கிடைத்தது. இங்கிலாந்தில் இருந்த வீட்டைக் காலி செய்துவிட்டார், விசா வரவில்லை. ஹேஸ்டிங்ஸ் என்ற கடலோர ஊரில் குடும்பத்தோடு காத்துக்கிடந்தபோது, அந்த ஊர் நூலகத்தில்தான் வான் கெனெப்பின் புத்தகம் கைக்குக் கிடைத்தது. பழைய ஊர் போயாயிற்று, புதிய ஊர் வாய்க்கவில்லை. அந்த மனுஷன் படிப்பது நடுக்கட்டத்தைப் பற்றி! ஜெமினி மேம்பாலத்துக்குப் பக்கத்தில் அமெரிக்கத் துணைத் தூதரக வாசலில் ஃபைலை நெஞ்சோடு அணைத்து நின்றிருக்கிற யாருக்கும் இதைத் தனியாக விளக்க வேண்டியதில்லை.

டர்னர் பிடித்துக்கொண்டது அந்த நடுக்கட்டத்தை மட்டும். எண்டெம்பு பையன்களை விருத்தசேதனச் சடங்குக்காக ஊரைவிட்டுக் காட்டுக்குள் கொட்டகையில் ஒதுக்கி வைக்கிறார்கள். அந்தக் காலத்தில் அவர்கள் சிறுவர்கள் இல்லை, ஆண்களும் இல்லை. இங்கேயும் இல்லை அங்கேயும் இல்லை என்று டர்னர் எழுதினார். அந்த இல்லாமையில் ஒரு விசித்திரம் நடப்பதைப் பார்த்தார்: தலைவன் மகனும் ஏழை மகனும் ஒன்றாகிவிடுகிறார்கள். மேல் கீழ் கழன்றுபோன அந்தக் கூட்டு உணர்வுக்கு 'கம்யூனிடாஸ்' என்று பெயர் வைத்தார். 1969-இல் வந்த அவருடைய புத்தகத்துக்குப் பிறகு லிமினலும் கம்யூனிடாஸும் இரட்டைப் பிள்ளைகள் மாதிரி ஒன்றாகவே திரிகின்றன.

நம்ம ஊரிலிருந்து ஓர் எடுத்துக்காட்டு கொடுங்கள். எண்டெம்பு என்று எழுதினால் வைவாவில் (வாய்மொழித் தேர்வில்) தடுமாறுகிறேன்.

எத்தனை வேண்டும்?

கார்த்திகை முதல் தேதி விடிகாலையில் மகாலிங்கபுரம் ஐயப்பன் கோயில் பக்கம் போய்ப் பாருங்கள். மாலை போட்டுக்கொள்ளக் கூட்டம் நிற்கும். நேற்றுவரை பேங்க் மேனேஜர், ஆட்டோ டிரைவர், மளிகைக்கடைக்காரர். மாலை கழுத்தில் விழுந்த நிமிடத்திலிருந்து எல்லோருக்கும் ஒரே பெயர், சாமி. ஒரு மண்டலம், 41 நாள். கறுப்பு வேட்டி, வெறுங்கால், தரையில் படுக்கை, சவரம் கிடையாது. எங்கள் தெருவில் இஸ்திரி போடுகிறவர் முதலாளி வீட்டுப் பையனை "சாமி, துணி நாளைக்குத்தான்" என்கிறார். அவன் "சரிங்க சாமி" என்கிறான். மற்ற பத்து மாதத்தில் அவன் அவரை எப்படிக் கூப்பிடுவான் என்று நான் கேட்டிருக்கிறேன். டர்னரின் கம்யூனிடாஸ் அந்த இஸ்திரி வண்டிக்குப் பக்கத்தில் நிற்கிறது. மலைக்குப் போய் 18 படி ஏறி இறங்கி வந்து மாலையைக் கழற்றியதும் பழைய பெயர் திரும்பிவிடும். பிரிப்பு, நடு, சேர்ப்பு. மூன்று கட்டமும் பிசகாமல் இருக்கிறது.

பிராமணக் கல்யாணத்தில் காசி யாத்திரை இன்னொன்று. மாப்பிள்ளை குடை, விசிறி, கைத்தடியோடு மண்டபத்தை விட்டுக் கிளம்புவார். பெண்ணின் அப்பா ஓடிப்போய்த் தடுத்து அழைத்து வருவார். அந்தப் பத்தடி தூரத்துக்கு அவர் பிரம்மசாரியும் இல்லை, குடும்பஸ்தனும் இல்லை. போட்டோகிராபருக்காக மூன்று முறை திரும்பி நடக்க வேண்டி வந்தால் மூன்று முறை லிமினல்.

பூப்பெய்திய பெண்ணைப் பச்சை ஓலைக் குடிசை கட்டித் தனியே உட்காரவைத்து, தனித் தட்டு கொடுத்து, பிறகு மஞ்சள் நீராட்டிப் பட்டுப்புடவையில் வெளியே அழைத்து வரும் வழக்கமும் வான் கெனெப் சொன்ன வரிசைதான். இதை எழுதும்போது ஒன்றைச் சேர்த்து எழுதுங்கள்: நடுவில் நிறுத்தப்படுகிறவருக்கு அது எப்போதும் அனுபவிக்கத்தக்க இடமாக இருப்பதில்லை. அந்தத் தனித் தட்டில் நானும் சாப்பிட்டிருக்கிறேன். கம்யூனிடாஸ் ஒன்றும் வரவில்லை, பக்கத்து வீட்டு அத்தைகள்தான் வந்தார்கள்.

இலக்கியத் துறைக்காரர்களுக்கு நரசிம்மர் கதை. இரணியன் வாங்கிய வரத்தின்படி உள்ளேயும் சாகக்கூடாது வெளியேயும் கூடாது, பகலிலும் கூடாது இரவிலும் கூடாது, மனிதனாலும் கூடாது மிருகத்தாலும் கூடாது. ஆகவே அந்தியில், வாசற்படியில், சிங்கமுகத்து மனித உடலால் செத்தான். லிமினல் இடம், லிமினல் நேரம், லிமினல் உருவம், மூன்றும் ஒரே காட்சியில். பார்த்தசாரதி கோயிலில் அழகியசிங்கர் சன்னதிக்கு முன்னால் நிற்கும்போதெல்லாம், இந்தச் சொல்லுக்கு இதைவிட நல்ல விளக்கப்படம் எந்தப் பாடப்புத்தகத்திலும் இல்லை என்று தோன்றும்.

தமிழில் இதற்கு என்ன சொல்? 'இடைநிலை' என்று எழுதியிருக்கிறேன்.

இடைநிலை தப்பில்லை. ஆனால் இடைநிலைக் கல்வி, இடைநிலை ஆசிரியர் என்று அந்தச் சொல் ஏற்கெனவே உத்தியோகத்தில் இருக்கிறது. 'விளிம்புநிலை' மார்ஜினலுக்குப் போய்விட்டது, அதைத் தொடாதீர்கள்.

என் ஓட்டு 'இடைகழி'க்கு.

பழைய வீடுகளில் வாசலுக்கும் கூடத்துக்கும் நடுவே ஒரு குறுகலான நடை இருக்கும். செருப்பு, குடை, பால் வாங்கும் பாத்திரம் எல்லாம் அங்கே கிடக்கும். வந்தவர் வேண்டியவரா என்று தெரிகிறவரை அங்கேதான் நிற்பார். திருவல்லிக்கேணி, மயிலாப்பூர் ஓட்டு வீடுகளில் இன்னும் சிலர் அதை ரேழி என்கிறார்கள். இந்த ரேழி, இடைகழி என்ற சொல் தேய்ந்து ஆனதுதான். அப்பார்ட்மென்ட் வந்ததும் ரேழி போய்விட்டது. கதவைத் திறந்தால் நேரே சோபா.

இடைகழிக்கு ஒரு பெரிய கதை உண்டு. திருக்கோவலூரில் ஒரு மழை இரவு. பொய்கையாழ்வார் ஒரு வீட்டு இடைகழியில் ஒதுங்கிப் படுத்திருக்கிறார். பூதத்தாழ்வார் வந்து இடம் கேட்கிறார். ஒருவர் படுக்கலாம், இருவர் உட்காரலாம் என்று எழுந்து உட்காருகிறார்கள். அப்புறம் பேயாழ்வார் வருகிறார். மயிலாப்பூரில் பிறந்தவர், நம்ம ஊர்க்காரர். மூவர் நிற்கலாம் என்று எழுந்து நிற்கிறார்கள். இருட்டில் நாலாவதாக யாரோ நெருக்குவது போல இருக்கிறது. அந்த நாலாவது ஆள் பெருமாள்.

பொய்கையாழ்வார் முதல் திருவந்தாதியில் இதைப் பாடும்போது, "வாயில் கடைகழியா உள்புகா" என்கிறார். வாசலைத் தாண்டி வெளியே போகாமல், உள்ளேயும் நுழையாமல், கோவல் இடைகழியையே பற்றிக்கொண்டு நிற்கிறாயே என்று கடவுளைப் பார்த்துச் சொல்கிறார். வெளியேயும் போகவில்லை, உள்ளேயும் வரவில்லை. டர்னர் பல பக்கங்களில் சொன்னதை இந்த மனுஷன் மூன்றே சொல்லில் சொல்லிவிட்டார். இருக்கிற இடம் குறுகக் குறுக மூன்று பேரும் ஒருவரோடு ஒருவர் ஒட்டிக்கொண்டதைக் கம்யூனிடாஸ் என்று எழுதினால் எந்தத் தேர்வாளரும் மறுக்க மாட்டார்.

ஆகவே 'இடைகழி நிலை', 'இடைகழிக் காலம்', 'இடைகழி மனிதர்' என்று எழுதிப் பாருங்கள். முதல் முறை வரும்போது அடிக்குறிப்பில் விளக்கிவிட்டால் போதும். ஒரு கைடு இதை "கவிதை மாதிரி இருக்கே" என்று சொல்லி வெட்டினார். லத்தீன்காரனுக்கு வாசற்படி கலைச்சொல்லாகலாம், நமக்கு ரேழி மட்டும் கவிதையாகிவிடுமா?

வாக்கியத்தில் எங்கே, எதோடு வரும்?

பெரும்பாலும் பெயர்ச்சொல்லுக்கு முன்னால். லிமினல் ஸ்பேஸ், லிமினல் பீரியட், லிமினல் ஸ்டேட், லிமினல் ஃபிகர் என்பவை வழக்கமான ஜோடிகள். 'பிட்வீன்' போட்டு எதற்கும் எதற்கும் நடுவே என்று சொன்னால் வாக்கியம் தெளியும். பெயர்ச்சொல் வேண்டுமானால் லிமினாலிட்டி. 'வெரி லிமினல்', 'மோஸ்ட் லிமினல்' வேண்டாம்; வாசற்படியில் நிற்பதில் ரொம்ப நிற்பது, கொஞ்சம் நிற்பது என்று கிடையாது. 'லிமினல் டிரான்சிஷன்' என்று ஒருவர் எழுதியிருந்தார், நடு சென்டர் மாதிரி.

'லிமினாய்டு' என்று ஒன்றைப் பார்த்தேன். அச்சுப்பிழையா?

இல்லை. டர்னர் 1974-இல் உண்டாக்கிய சொல். சடங்கு போலக் கட்டாயம் இல்லாமல், நாமே விரும்பி நுழைந்து வெளியேறுகிற நடுநிலைகளுக்கு அதைச் சொன்னார். நாடகம், விளையாட்டு, திருவிழாக் கூத்து போன்றவை. சேப்பாக்கம் கேலரியில் முன்பின் தெரியாத ஆள் தோளில் கைபோட்டு ஆடுகிறாரே, அது லிமினாய்டு. மேட்ச் முடிந்ததும் வாலாஜா சாலையில் அதே ஆள் உங்கள் பைக்கை இடித்துக்கொண்டு போவார்.

தவறாகப் பயன்படுத்தும் இடங்கள் எவை?

மூன்று வகையை அடிக்கடி பார்க்கிறேன்.

ஒன்று, அலங்காரத்துக்கு. சென்னை லிமினல் நகரம், கடற்கரை லிமினல் வெளி, மத்தியதர வர்க்கம் லிமினல் வர்க்கம். கடற்கரை நிலமும் கடலும் சேருமிடம், சரி. கடப்பது யார்? கடலுக்குப் போய்த் திரும்பும் மீனவரைப் பற்றி எழுதினால் அர்த்தம் இருக்கிறது. சாயங்காலம் சுண்டல் சாப்பிட வருகிறவரைப் பற்றி எழுதினால் அது பீச்தான்.

இரண்டாவது கொஞ்சம் நுட்பம். திருநங்கைகளைப் பற்றிய ஆய்வேடுகளில் 'லிமினல் ஐடென்டிட்டி' என்ற தொடர் தவறாமல் வருகிறது. ஆணுக்கும் பெண்ணுக்கும் நடுவே என்ற எண்ணத்தில் எழுதுகிறார்கள். வேதனை என்னவென்றால், அப்படிச் சொல்வது 'இவர் இன்னும் போய்ச் சேரவில்லை' என்று சொல்வதாகிறது. திருநங்கை என்பது ஒருவர் நின்று வாழ்கிற இடம், வழியில் காத்திருக்கும் இடம் இல்லை. தமிழ்நாட்டில் 2008-இலேயே நல வாரியம் வந்தது, 2014-இல் உச்ச நீதிமன்றம் மூன்றாம் பாலினத்தைச் சட்டப்படி அங்கீகரித்தது. நிர்வாணச் சடங்கையும் (ஆணுறுப்பை நீக்கிக்கொள்ளும் சடங்கு) அதற்குப் பிந்தைய ஒதுக்கக் காலத்தையும் லிமினல் என்று எழுதுங்கள், மிகச் சரி. ஆளையே, ஆயுளுக்கும் லிமினல் என்று எழுதாதீர்கள்.

மூன்றாவது, இலக்கியக் கோட்பாட்டாளர் ஹோமி பாபா (அணு விஞ்ஞானி இல்லை, இவர் வேறு) எழுதிவிட்டார் என்பதற்காக எழுதுவது. 1994-இல் வந்த அவருடைய புத்தகத்தின் முன்னுரையில், மேல்தளத்துக்கும் கீழ்த்தளத்துக்கும் நடுவே உள்ள மாடிப்படியை லிமினல் வெளியாகக் காட்டுவார். ரெனே கிரீன் என்ற கலைஞரின் படைப்பிலிருந்து எடுத்த படிமம் அது. படிப்பதற்கு அழகாக இருக்கும். அதற்குப் பிறகு ஆங்கிலத் துறை ஆய்வேடுகளில் வீட்டில் படிக்கட்டு இருக்கிற நாவல் எல்லாம் லிமினல் நாவல் ஆகிவிட்டது.

நல்ல பயன்பாடு ஒன்றைக் காட்டுங்கள்.

சிசிலியா மென்ஹீவர் என்ற சமூகவியலாளர் 2006-இல் 'லிமினல் லீகாலிட்டி' என்று ஒரு தொடரை உருவாக்கினார். அமெரிக்காவுக்கு வந்த எல் சால்வடோர், குவாத்தமாலா மக்களுக்குத் தற்காலிக அனுமதி கிடைக்கிறது, காலாவதியாகிறது, மீண்டும் கிடைக்கிறது. சட்டவிரோதமும் இல்லை, சட்டபூர்வமும் இல்லை. இந்தப் பக்கம், அந்தப் பக்கம், கடக்கிற ஆள், மூன்றும் தெளிவாக இருக்கிறது.

இதைப் படித்துவிட்டு கும்மிடிப்பூண்டி, புழல் முகாம்களைப் பற்றி எழுதிய ஒரு மாணவர் என்னிடம் வந்தார். 1983-க்குப் பிறகு இலங்கையிலிருந்து வந்தவர்கள், அவர்களுக்கு இங்கேயே பிறந்த பிள்ளைகள், அந்தப் பிள்ளைகளுக்குப் பிறந்த பிள்ளைகள். பேச்சு மெட்ராஸ் தமிழ், பள்ளிக்கூடம் இங்கே, குடியுரிமை மட்டும் பலருக்கு இல்லை. 2021-இல் அரசு அகதி முகாம் என்ற பெயரை மறுவாழ்வு முகாம் என்று மாற்றியது. அவர் ஆய்வேட்டில் லிமினல் மொத்தம் ஐந்து இடத்தில்தான் வந்தது. ஐந்தாவது இடத்தில் அவர் கேட்டிருந்த கேள்வி இது: நடுக்கட்டம் நாற்பது வருடம் நீடித்தால் அதை நடுக்கட்டம் என்று சொல்லலாமா? நான் அந்தப் பக்கத்தில் ஒரு கமாகூட மாற்றவில்லை.

இன்ஸ்டாகிராமில் 'லிமினல் ஸ்பேஸ்' என்று ஆளில்லாத காரிடார் படமாகப் போடுகிறார்களே, அது என்ன?

அது 2019 வாக்கில் கிளம்பியது. மஞ்சள் சுவரும் டியூப்லைட்டுமாக ஆளே இல்லாத ஓர் அறையின் படம் இணையத்தில் போடப்பட்டு, 'பேக்ரூம்ஸ்' என்ற பேய்க்கதையாக வளர்ந்தது. அதிலிருந்து, கூட்டம் இருக்க வேண்டிய இடத்தில் கூட்டம் இல்லாவிட்டால் லிமினல் என்று ஆகிவிட்டது. ராத்திரி கடைசி வண்டி போன பிறகு சுரங்க மெட்ரோ ஸ்டேஷன், லீவு நாளில் பள்ளிக்கூட வராண்டா.

ஆய்வு மொழிக்கு இது தளர்வான பயன்பாடு. ஆனால் முழுசாகத் தப்பு என்றும் சொல்ல மனமில்லை. அந்தப் படங்களில் பெரும்பாலும் இருப்பது காரிடார், படிக்கட்டு, காத்திருப்பு ஹால். நின்று வாழ அல்ல, கடந்து போகக் கட்டிய இடங்கள். கடப்பவரை எடுத்துவிட்டால் இடம் மட்டும் திகைத்து நிற்கிறது. வாசப்படியில் உட்காராதே, விளக்கு வைக்கிற நேரத்தில் தலை வாராதே, நிலைப்படிக்கு அந்தப் பக்கம் நின்று காசு கொடுக்காதே என்று பாட்டி சொன்னபோது வயிற்றில் ஏதோ செய்ததே, அந்தப் படங்களைப் பார்த்தாலும் அதுதான் செய்கிறது.

பேச்சில் சொல்லலாமா?

வீட்டில் சொன்னால் "என்னடா மினரலா?" என்பார்கள். செமினாரில் சொல்லுங்கள்.

நான் ஆய்வேட்டைக் கொடுத்துவிட்டேன். எட்டு மாதமாகியும் வைவா தேதி வரவில்லை. நான் லிமினலா?

சந்தேகமே வேண்டாம். ஹாஸ்டலைக் காலி செய்யச் சொல்லியிருப்பார்கள், ஃபெலோஷிப் நின்றிருக்கும், வேலை விண்ணப்பத்தில் தகுதிக் கட்டத்தில் 'சமர்ப்பிக்கப்பட்டது' என்று எழுதியிருப்பீர்கள். நூலக அட்டை வேலை செய்கிறதா என்று உள்ளே போகும்போதுதான் தெரியும்.

31 இடத்தில் லிமினல் எழுதிய பெண் இப்போது அங்கேதான் நிற்கிறாள். 31-ஐ ஒன்பதாகக் குறைத்து, கறுப்பு அட்டையில் தங்க எழுத்துப் போட்டுக் கொடுத்தாயிற்று. தை மாதம் அவளுக்குக் கல்யாணம். பாரிமுனை ஆண்டர்சன் தெருவில் பத்திரிகை அடிக்கக் கொடுக்கப் போனபோது என்னையும் கூட்டிக்கொண்டு போனாள். அவள் அம்மாவுக்குப் பெயருக்கு முன்னால் 'முனைவர்' வந்தே ஆக வேண்டும். வைவா முடியாமல் போடக்கூடாது என்று இவள். இரண்டு பேரும் கடைக்குள் சண்டை. கம்ப்யூட்டரில் உட்கார்ந்திருந்த பையன் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "ஆன்ட்டி, இப்ப பேருக்கு முன்னாடி இடம் விட்டு வெச்சிக்கிறேன். பிளேட்டு போடறதுக்கு முன்னாடி போன் பண்ணுங்க, சேர்த்துடலாம்" என்றான். திரையில் அவள் பெயர் கொஞ்சம் வலதுபக்கம் தள்ளி நின்றது.